அலுமினியத்தின் அடர்த்தியை நீங்களே அளந்தறிய ஒரு வழிகாட்டி

தமிழ்நாடு-கேரள எல்லையை ஒட்டிய மார்த்தாண்டம், களியக்காவிளை, பாறசாலை வட்டாரத்தில் அலுமினிய ஜன்னல் செய்யும் பட்டறையிலோ, பாத்திரக் கடையிலோ, பழைய உலோகச் சாமான்களை வாங்கும் ஆக்கர் கடையிலோ புதிதாக வேலைக்குச் சேர்பவர்கள் முதல் வாரத்திலேயே பழகிக்கொள்ள வேண்டிய ஓர் அளவை உண்டு. கையில் இருக்கும் உலோகத் துண்டு ஒரு கன சென்டிமீட்டருக்கு எத்தனை கிராம் எடை கொண்டது என்று கண்டுபிடிப்பதே அந்த அளவை. இதற்கு ஆய்வுக்கூடம் தேவையில்லை. சமையலறையில் மாவு நிறுக்கும் மின்னணுத் தராசு, ஒரு பாத்திரம் நிறையத் தண்ணீர், சிறிது நூல் ஆகியவை போதும். இந்த எண் தெரிந்துவிட்டால், அலுமினியம் என்று சொல்லி வந்த பொருள் அலுமினியம்தானா என்று சோதிக்கலாம். வாங்கும் செக்‌ஷனின் (ஜன்னல் சட்டத்துக்கு வெட்டிப் பயன்படுத்தும் நீண்ட அலுமினியக் குழாயின்) தடிமன் சொன்னபடி இருக்கிறதா என்று கணக்கிடலாம். இரும்புக்குப் பதில் அலுமினியம் போட்டால் எடை எவ்வளவு குறையும் என்று வாடிக்கையாளருக்கு முன்கூட்டியே சொல்லலாம்.

மனத்தில் பதிய வேண்டிய எண்கள்

தூய அலுமினியத்தின் அடர்த்தி 2.70. இந்தக் கட்டுரையில் அடர்த்தியாக வரும் எண்கள் எல்லாம் ஒரு கன சென்டிமீட்டருக்கு இத்தனை கிராம் என்ற கணக்கில் அமைந்தவை. தண்ணீர் ஏறத்தாழ 1 என்பதால், அலுமினியம் தண்ணீரைப்போல 2.7 மடங்கு கனமானது என்றும் இதைப் படிக்கலாம். ஜன்னல் செக்‌ஷன்களுக்குப் பெரிதும் பயன்படும், 6063 என்ற எண்ணால் குறிக்கப்படும் அலுமினியக் கலவையும் இதே 2.70 அளவில்தான் இருக்கும். துத்தநாகம் மிகுதியாகச் சேர்ந்த 7075 கலவை 2.81 வரை செல்லும். வார்ப்புக்குப் பயன்படும் சிலிக்கான் கலவைகள் 2.65 முதல் 2.75 வரை அமையும். ஆகவே சாதாரணமாகக் கைக்கு வரும் அலுமினியம் எதுவாயினும் 2.6-க்கும் 2.85-க்கும் இடையில் அடங்கிவிடும்.

மற்ற உலோகங்களை இதற்கு இருபுறமும் வைத்துப் பார்க்க வேண்டும். அலுமினியத்தைவிட இலேசான மக்னீசியம் 1.74. கனமான பக்கத்தில் டைட்டானியம் 4.5, துத்தநாகம் 7.14, எஃகு 7.85, எவர்சில்வர் பாத்திரத் தகடு 7.9 முதல் 8.0, பித்தளை 8.4 முதல் 8.7, செம்பு 8.96, ஈயம் 11.34 என்று வரிசை நீளும். ஒரே அளவில் வெட்டிய இரண்டு கட்டிகளில் எஃகுக் கட்டி அலுமினியக் கட்டியைப்போல ஏறத்தாழ 2.9 மடங்கு எடை இருக்கும் என்பதை மட்டுமாவது மறக்காமல் வைத்துக்கொண்டால், அன்றாடக் கணக்குகளில் பாதி முடிந்துவிடும்.

உலோகமல்லாத பொருள்களோடு ஒப்பிடும்போதுதான் புதியவர்கள் வியப்படைவார்கள். ஜன்னல் கண்ணாடியின் அடர்த்தி 2.5, கான்கிரீட் சுமார் 2.4, நம் பக்கத்துக் குவாரிகளில் உடைத்தெடுக்கும் கருங்கல் 2.6 முதல் 2.8 வரை. அதாவது அலுமினியமும் கருங்கல்லும் கிட்டத்தட்ட ஒரே அடர்த்தி கொண்டவை. கல்லைக் கனம் என்றும் அலுமினியத்தை இலேசு என்றும் நாம் எண்ணுவதற்குக் காரணம், கல்லைத் திண்மையான கட்டியாகவும் அலுமினியத்தை மெல்லிய தகடாகவும் உள்ளே வெற்றிடமுள்ள குழாயாகவும் மட்டுமே பார்த்துப் பழகியதுதான். கையால் தூக்கிப் பார்த்து உலோகத்தை இனங்காணும் பழக்கம் ஏமாற்றக்கூடியது என்று நான் வற்புறுத்துவது இதனால்தான். கை எடையை மட்டுமே உணரும்; அந்த எடை எவ்வளவு இடத்தில் அடங்கியிருக்கிறது என்பதைக் கை சரியாக அளப்பதில்லை.

அலுமினியம் ஏன் இவ்வளவு இலேசாக இருக்கிறது என்ற கேள்விக்கு விடை அதன் அணுவில் இருக்கிறது. அலுமினிய அணுவின் நிறை எண் 27. இரும்பின் அணு நிறை ஏறத்தாழ 56. அணு ஒன்றின் நிறையே பாதிக்கும் குறைவு; அதோடு அலுமினிய அணுக்கள் இரும்பு அணுக்களைவிடச் சற்று அதிக இடம் பிடித்து அமைகின்றன. இரண்டும் சேர்ந்து அடர்த்தியை மூன்றில் ஒரு பங்காகக் குறைத்துவிடுகின்றன.

தண்ணீரில் அளக்கும் முறை

அடர்த்தி என்பது எடையைக் கன அளவால் வகுத்து வருவது. எடையை எடுப்பதில் சிரமம் இல்லை. கன அளவை எடுப்பதில்தான் பிழை நுழையும். 25 மில்லிமீட்டர் விட்டமுள்ள அலுமினியக் கம்பியைச் சாதாரண அளவுகோலால் அளக்கும்போது அரை மில்லிமீட்டர் தவறினாலே கன அளவில் 4 விழுக்காடு பிழை வந்துவிடும்; வளைந்தும் உடைந்தும் கிடக்கும் வார்ப்புத் துண்டுக்கு அளவுகோல் உதவவே உதவாது. எனவே கன அளவை அளக்கும் வேலையைத் தண்ணீரிடம் விட்டுவிடுவதே நல்லது. எந்த வடிவத்தில் இருந்தாலும் தண்ணீர் அதைச் சரியாக அளந்து தரும்.

முதலில் துண்டைச் சுத்தம் செய்யுங்கள். எண்ணெய்ப் பிசுக்கு, பெயிண்ட், சிமெண்ட் பூச்சு, திருகிய இரும்பு ஸ்குரூ ஆகிய எதுவும் அதில் ஒட்டியிருக்கக் கூடாது. உலர்ந்த துண்டைத் தராசில் வைத்து எடையைக் குறித்துக்கொள்ளுங்கள். எடுத்துக்காட்டாக 25 மில்லிமீட்டர் விட்டமும் 20 சென்டிமீட்டர் நீளமும் கொண்ட கம்பித் துண்டு 265 கிராம் காட்டும் என்று வைத்துக்கொள்வோம்.

அடுத்து, துண்டு முழுவதும் மூழ்குமளவு ஆழமான பாத்திரத்தில் முக்கால் பங்கு தண்ணீர் ஊற்றித் தராசின்மேல் வைத்து, டேர் பொத்தானை அழுத்தித் திரையில் சுழியம் வரச் செய்யுங்கள். பிறகு துண்டை மெல்லிய நூலால் கட்டி, நூலைக் கையிலோ மேலே குறுக்காக வைத்த ஒரு கம்பிலோ பிடித்தபடி, துண்டு முழுவதும் தண்ணீருக்குள் அமிழும்படி மெல்ல இறக்குங்கள். துண்டு பாத்திரத்தின் அடியையோ பக்கத்தையோ தொடக் கூடாது என்பதே இந்த முறையின் உயிர்நாடி. தொட்டுவிட்டால் துண்டின் சொந்த எடையில் ஒரு பகுதியும் தராசின்மேல் ஏறிவிடும். கணக்கு முழுவதும் கெட்டுவிடும். அசைவு நின்றதும் திரையில் தெரியும் எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். நம் எடுத்துக்காட்டில் அது 98 கிராம்.

அந்த 98 கிராம்தான் துண்டின் கன அளவு, 98 கன சென்டிமீட்டர். தண்ணீர் துண்டை மேல்நோக்கித் தள்ளுகிறது. அதே விசையில் துண்டு தண்ணீரைக் கீழ்நோக்கி அழுத்துகிறது. அந்த அழுத்தமே தராசில் எடையாகத் தெரிகிறது. அது துண்டு இடம்பெயர்த்த தண்ணீரின் எடைக்குச் சமம் என்பது ஆர்க்கிமிடீஸ் கண்ட விதி. ஒரு கன சென்டிமீட்டர் தண்ணீர் ஒரு கிராம் என்பதால் எடையே கன அளவாகிவிடுகிறது. இப்போது 265-ஐ 98-ஆல் வகுத்தால் 2.70 வரும். துண்டு அலுமினியம்தான் என்பதோடு விடை ஒத்துப்போகிறது.

குலசேகரம், அருமனைப் பக்கத்து ரப்பர் விவசாயிகளுக்கு இந்த அறிவு புதிதன்று. ரப்பர் பாலில் மெட்ரோலாக் என்ற கண்ணாடிக் கருவியை மிதக்கவிட்டு, அது எவ்வளவு ஆழம் அமிழ்கிறது என்பதைக் கொண்டு பாலில் எவ்வளவு ரப்பர் இருக்கிறது என்று மதிப்பிடுகிறார்கள். ரப்பர் தண்ணீரைவிட அடர்த்தி குறைந்தது. பாலில் ரப்பர் மிகுந்தால் பாலின் அடர்த்தி குறையும், கருவி கூடுதலாக அமிழும். மேலே சொன்ன தராசு முறைக்கும் இதற்கும் அடிப்படை ஒன்றே. அந்தப் பாலை ஆசிட் சேர்த்து உறையவைக்கும் தட்டும் பெரும்பாலும் அலுமினியமே என்பதால், அளந்து பழகப் பொருள் தேடி எங்கும் போக வேண்டியதில்லை. உடைந்த பழைய தட்டிலிருந்து ஒரு துண்டு வெட்டி எடுத்தால் போதும்.

பிழை எங்கிருந்து வரும்

பெரும்பாலான தவறுகளுக்குத் துண்டு மிகச் சிறியதாக இருப்பதே காரணம். வீட்டுத் தராசு ஒரு கிராம் வரைதான் பிரித்துக் காட்டும். 27 கிராம் எடையுள்ள சிறு துண்டைத் தண்ணீரில் இறக்கினால் 10 என்று காட்ட வேண்டும். அது 9 என்றோ 11 என்றோ காட்டினால் விடை 3.0 ஆகவோ 2.45 ஆகவோ மாறிவிடும். இந்த இடைவெளியில் கண்ணாடியும் வரும், கல்லும் வரும், அலுமினியமும் வரும். 300 கிராமுக்கு மேற்பட்ட துண்டு என்றால் அதே ஒரு கிராம் பிழை விடையின் இரண்டாவது தசம இடத்தை மட்டுமே அசைக்கும். பெரிய துண்டு கிடைக்காவிட்டால் ஒரே பொருளின் பல சிறு துண்டுகளை ஒரே நூலில் கோத்து அளக்கலாம்.

அடுத்த எதிரி காற்றுக் குமிழி. குழாய் வடிவச் செக்‌ஷனின் உள்ளேயும், ஸ்குரூத் துளைகளிலும், வார்ப்பின் சொரசொரப்பான மேற்பரப்பிலும் குமிழிகள் ஒட்டிக்கொள்ளும். ஒட்டிய ஒவ்வொரு கன சென்டிமீட்டர் காற்றும் கன அளவை ஒன்று கூட்டிக் காட்டி, அடர்த்தியைக் குறைத்துவிடும். துண்டைச் சாய்வாக இறக்கி, தண்ணீருக்குள் இரண்டு மூன்று முறை உலுக்கினால் பெரும்பாலானவை வெளியேறும். பாத்திரம் தேய்க்கும் திரவம் ஒரு சொட்டு கலந்தால் மீதியும் விட்டுவிடும். அந்த ஒரு சொட்டால் தண்ணீரின் அடர்த்தி மாறிவிடுமோ என்று கவலைப்பட வேண்டாம்.

தண்ணீரின் வெப்பநிலையும் சிறிது விளையாடும். நம் ஊர் வெயிலில் 30 டிகிரிக்கு வந்துவிட்ட தண்ணீரின் அடர்த்தி 0.996. நுட்பமாகக் கணக்கிட விரும்புவோர் கிடைத்த விடையை 0.996-ஆல் பெருக்கிக்கொள்ளலாம், உலோகம் எது என்று அறிவதற்கு மட்டும் அளப்பவர்கள் இதை விட்டுவிடலாம். கடல் தண்ணீரில் மட்டும் அளக்கக் கூடாது. அதன் அடர்த்தி 1.025 வரை இருப்பதால் விடை இரண்டரை விழுக்காடு குறைந்துவிடும்.

பெரிய பொருளை அளக்கும்போது

உருளி, அண்டா போன்றவை தராசின்மேல் வைத்த பாத்திரத்தில் அடங்கா. அவற்றுக்குக் கொக்கியில் மாட்டும் தொங்கு தராசு ஏற்றது. பொருளைக் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டு முதலில் காற்றில் எடை பாருங்கள்; பிறகு டிரம்மிலோ தொட்டியிலோ நிறைந்த தண்ணீரில் முழுவதும் மூழ்கவிட்டு மறுபடி எடை பாருங்கள். இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் இடம்பெயர்ந்த தண்ணீரின் எடை. காற்றில் 4.30 கிலோவும் தண்ணீரில் 3.80 கிலோவும் காட்டும் உருளி, அரை கிலோ இழந்திருக்கிறது, 4.30-ஐ 0.50-ஆல் வகுத்தால் 8.6. இது வெண்கலத்துக்குரிய அளவு. அதே வடிவில் வார்த்துப் பொன்னிறம் பூசிய அலுமினிய உருளியானால் காற்றில் 1.35 கிலோ, தண்ணீரில் 0.85 கிலோ என்று வந்து 2.7 என்று வெளிப்பட்டுவிடும்.

ஆனால் இந்த அளவை பித்தளையையும் வெண்கலத்தையும் பிரித்துக் காட்டாது. இரண்டும் 8.5-ஐ ஒட்டியே இருப்பதாலும், தொங்கு தராசு பத்து கிராம் வரை முன்பின்னாகக் காட்டுவதாலும், அங்கே விடை சொல்லும் தகுதி இந்த முறைக்கு இல்லை.

விடையைப் படித்தறிதல்

ஆக்கர் கடையில் பழைய வார்ப்புப் பொருள்களைப் பிரிக்கும்போது இந்த அறிவுக்கு உண்மையான வேலை வரும். காந்தத்தை வைத்துப் பார்த்து ஒட்டவில்லை என்றால் அலுமினியம் என்று எறிந்துவிடும் வழக்கம் பல இடங்களில் இருக்கிறது. காந்தம் ஒட்டாத உலோகங்கள் ஏராளம். பழைய வண்டிகளின் கார்புரேட்டர் உடல், கதவுக் கைப்பிடி, பூட்டின் உட்பாகம் போன்றவற்றில் பல, துத்தநாகக் கலவையில் வார்த்தவை. அவை அலுமினியத்தைப் போலவே சாம்பல் நிறமாக இருக்கும், அடர்த்தியோ 6.6-ஐ ஒட்டியிருக்கும். தண்ணீரில் ஒருமுறை அளந்தாலே சந்தேகம் தீர்ந்துவிடும்.

அதைவிடக் கவனமாகப் பார்க்க வேண்டியது மக்னீசியம். ரப்பர் மரம் வெட்டப் பயன்படும் சங்கிலி வாளின் எஞ்சின் கூடு பெரும்பாலும் மக்னீசியக் கலவையில் வார்க்கப்படுகிறது. அதன் அடர்த்தி 1.8-ஐ ஒட்டியது. கண்ணுக்கு அலுமினியம் போலவே தெரியும் இதை அலுமினியத்தோடு சேர்த்து உருக்கினாலோ, கிரைண்டரில் பிடித்துப் பொடி பறக்கவிட்டாலோ தீப்பிடிக்கும் ஆபத்து உண்டு. எரியும் மக்னீசியத்தின்மேல் தண்ணீர் ஊற்றினால் ஹைட்ரஜன் வாயு உண்டாகித் தீ மேலும் மூளும். அதை உலோகத் தீக்கென்று உள்ள உலர்பொடியாலோ நன்கு உலர்ந்த மணலாலோ மூட வேண்டும். எனவே 2.3-க்குக் கீழே விடை வந்த வார்ப்பு எதையும் அலுமினியக் குவியலில் போடாமல் தனியே, நனையாத இடத்தில் வையுங்கள். இந்த ஒரு காரணத்துக்காகவாவது ஒவ்வொரு ஆக்கர் கடையிலும் ஒரு தண்ணீர்ப் பாத்திரமும் தராசும் நிலையாக இருக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

2.7 வர வேண்டிய அலுமினிய வார்ப்பு 2.5 என்று காட்டினால், குமிழிகளை நீக்கி மறுபடி அளந்து பாருங்கள். அப்போதும் அதே விடை வந்தால் வார்ப்பின் உள்ளே வெற்றிடம் இருக்கக்கூடும். உருகிய அலுமினியம் ஹைட்ரஜனை உறிஞ்சிக்கொண்டு, உறையும்போது அதை வெளிவிடுவதால் உள்ளே நுண்துளைகள் உண்டாகின்றன. மேலும், உருகிய நிலையில் 2.4-ஐ ஒட்டியிருக்கும் அடர்த்தி உறையும்போது உயர்வதால் உலோகம் ஆறு விழுக்காட்டுக்கு மேல் சுருங்குகிறது. அந்தச் சுருக்கத்தை ஈடுசெய்யக் கூடுதல் உலோகம் வந்து சேராத இடத்தில் குழிவு விழும். வார்ப்பாலைகளில் ஒரே உருகலிலிருந்து எடுத்த இரண்டு மாதிரிகளை, ஒன்றைச் சாதாரணக் காற்றழுத்தத்திலும் மற்றதைக் குறைந்த அழுத்தத்திலும் உறையவைத்து, இரண்டின் அடர்த்தியையும் ஒப்பிட்டு வாயு எவ்வளவு இருக்கிறது என்று கண்டறிகிறார்கள். அங்கும் அளவை நம்முடைய இதே தண்ணீர் அளவைதான்.

ஓர் எல்லையை ஒளிக்காமல் சொல்லிவிட வேண்டும். அடர்த்தி பொருந்தாவிட்டால் அந்த உலோகம் இல்லை என்று உறுதியாகச் சொல்லலாம். பொருந்தினால் அந்த உலோகம்தான் என்று முடிவுகட்ட முடியாது. தங்கமும் டங்ஸ்டனும் 19.3 என்ற ஒரே அளவில் இருப்பது எல்லோரும் அறிந்த சான்று. அலுமினியத்திலும் எந்தக் கலவை என்பதைத் தண்ணீர் சொல்லாது.

செக்‌ஷனின் தடிமனை எடையால் சரிபார்த்தல்

எல்லைப்புறத்தில் சரக்கு இருபக்கமிருந்தும் வருகிறது. ஒருவர் கிலோக் கணக்கில் விலை சொல்வார், மற்றவர் அடிக் கணக்கில் சொல்வார். இரண்டையும் ஒப்பிட அடர்த்தியே பாலம். 50-க்கு 25 மில்லிமீட்டர் செவ்வகக் குழாய், சுவர்த் தடிமன் 1.5 மில்லிமீட்டர், நீளம் 12 அடி என்று கொள்வோம். வெளிப் பரப்பு 50 × 25 = 1250; உள்வெற்றிடம் 47 × 22 = 1034; கழித்தால் உலோகத்தின் குறுக்குவெட்டுப் பரப்பு 216 சதுர மில்லிமீட்டர், அதாவது 2.16 சதுர சென்டிமீட்டர். 12 அடி என்பது 365.8 சென்டிமீட்டர். பெருக்கினால் 790 கன சென்டிமீட்டர். அதை 2.7-ஆல் பெருக்கினால் 2.13 கிலோ. இதுவே எஃகுக் குழாயாக இருந்தால் 6.2 கிலோ.

அதே குழாய் 1.2 மில்லிமீட்டர் தடிமனில் வந்தால் எடை 1.72 கிலோதான். கண்ணால் பார்த்தால் 0.3 மில்லிமீட்டர் வேறுபாடு தெரியாது. தராசில் 400 கிராம் வேறுபாடு யாருக்கும் தெரியும். அடிக் கணக்கில் வாங்கும்போது ஒரு முழு நீளத்தை நிறுத்துப் பார்க்காமல் பணம் கொடுக்க வேண்டாம் என்பதே புதியவர்களுக்கு நான் சொல்லும் அறிவுரை. ஆனால் மூலைகள் உருண்டிருப்பதாலும், பவுடர் கோட்டிங் சிறிது எடை கூட்டுவதாலும் சிறு வேறுபாட்டைப் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

இலேசு என்பதால் எங்கும் போட்டுவிடலாமா

மின்கம்பியில் அலுமினியத்தின் இலேசான தன்மை முழுப் பயன் தருகிறது. அலுமினியத்தின் மின்கடத்து திறன் செம்பில் 61 விழுக்காடு. அடர்த்தியோ 30 விழுக்காடுதான். ஒரே மின்னோட்டத்தைச் சுமக்க அலுமினியக் கம்பியைச் சற்றுப் பருமனாக்கினாலும் மொத்த எடை செம்பில் பாதிதான் வரும். கம்பங்களுக்கு இடையே செல்லும் உயரழுத்தக் கம்பிகளில் நடுவே எஃகு இழை வைத்துச் சுற்றிலும் அலுமினிய இழைகளைப் பின்னுவது இதனால்தான். கொல்லம் மாவட்டம் குண்டறையில் 1946-இல் தொடங்கிய ஆலிண்ட் ஆலை இத்தகைய கம்பிகளைச் செய்தது. ஆலுவாவுக்கு அருகே அலுபுரத்தில் 1943-இலேயே அலுமினியம் உருக்கும் ஆலை இயங்கத் தொடங்கியிருந்தது.

தாங்கும் சட்டங்களில் கணக்கு வேறு. வளையாமல் நிற்கும் விறைப்பில் அலுமினியம் எஃகில் மூன்றில் ஒரு பங்குதான். விறைப்பைக் குறிக்கும் அளவான யங் குணகம் எஃகுக்கு ஏறத்தாழ 205 கிகாபாஸ்கல், அலுமினியத்துக்கு 70. விறைப்பை அடர்த்தியால் வகுத்துப் பார்த்தால் எஃகு, அலுமினியம், டைட்டானியம், மக்னீசியம் நான்கும் கிட்டத்தட்ட ஒரே எண்ணில், 26-ஐ ஒட்டி வந்து நிற்கின்றன. ஆகவே இழுவிசை மட்டும் தாங்கும் ஒரு கம்பியை எஃகிலிருந்து அலுமினியத்துக்கு மாற்றி, நீட்சியும் மாறாமல் இருக்க வேண்டுமென்றால், எடையில் மிச்சம் எதுவும் இராது. வளைவைத் தாங்கும் தகட்டில்தான் மிச்சம் உண்டு; தடிமன் கூடினால் விறைப்பு அதன் மூன்றாம் அடுக்கில் (தடிமன் × தடிமன் × தடிமன்) உயர்கிறது. 2 மில்லிமீட்டர் எஃகுத் தகட்டின் விறைப்பைப் பெற அலுமினியத் தகடு சுமார் 2.9 மில்லிமீட்டர் இருந்தால் போதும். ஒரு சதுர மீட்டருக்கு எஃகுத் தகடு 15.7 கிலோ, அலுமினியத் தகடு 7.8 கிலோ. அளவை மாற்றாமல் எஃகு இருந்த இடத்தில் அதே 2 மில்லிமீட்டர் அலுமினியத்தைப் போட்டால் எடை 5.4 கிலோவாகக் குறையும், ஆனால் விறைப்பு மூன்றில் ஒரு பங்காகிவிடும்; தகடு தொய்யும்.

இதுவும் விறைப்புக்கான கணக்கு மட்டுமே. உடையாமல், நிலையாக வளைந்துவிடாமல் எவ்வளவு பாரம் தாங்கும் என்பது கலவையையும் அதற்குச் செய்த வெப்பப் பதப்படுத்தலையும் பொறுத்துப் பல மடங்கு மாறும். ஏணி, பால்கனிக் கைப்பிடி, கூரைச் சட்டம் போன்ற ஆள் பாரம் தாங்கும் வேலைக்கு வாங்கும்போது, கலவை எண்ணையும் டெம்பரையும் (பதப்படுத்திய நிலையைக் காட்டும் குறியீட்டையும்) பில்லில் எழுதித் தரச் சொல்லி வாங்குங்கள்.